பெஸ் 6-க்குள் 1996 எஸ்-லீக்: பேட்ச் கட்டும் இழை

கிழக்குக்கரை10

ஆட்டம் ஒரு கணினிக் கால்பந்து விளையாட்டு. நம்மூரில் வாய்க்கு வருவது வின்னிங் லெவன். கணினி வட்டின் மேல் உள்ள பெயர் புரோ எவொலூஷன் சாக்கர் 6, சுருக்கமாகப் பெஸ் 6. கொனாமி 2006-ல் வெளியிட்டது. அதே ஆண்டு எக்ஸ்பாக்ஸ் 360-க்கு வந்ததோடு இதைக் குழப்ப வேண்டாம். கணினிப் பதிப்பின் உள்ளே இருப்பது பிளேஸ்டேஷன் 2 ஆட்டம். அதனால்தான் சாதாரண மடிக்கணினியிலும் ஓடுகிறது, அதனால்தான் திறந்து பார்க்கவும் எளிது.

இந்த இழையில் பேட்ச்சாக, அதாவது ஆட்டத்தின் மேல் போடும் மாற்றுக் கோப்புத் தொகுப்பாகக் கட்டப்போவது 1996-ல் தொடங்கிய எஸ்-லீக், சிங்கப்பூரின் தொழில்முறைக் கால்பந்து லீக். எட்டுக் குழுக்கள்: கேலாங் யுனைடெட், சிங்கப்பூர் ஆயுதப்படை, தெம்பனிஸ் ரோவர்ஸ், உட்லண்ட்ஸ் வெலிங்டன், பாலஸ்டியர் சென்ட்ரல், செம்பவாங் ரேஞ்சர்ஸ், தியோங் பாரு யுனைடெட், போலிஸ். ஆட்டத்தில் புதுக் குழு சேர்க்க வழியில்லை, இருப்பதை மாற்றத்தான் முடியும். நம் நல்ல காலம், டீம் ஏ, டீம் பி என்று பெயர் மட்டும் வைத்த 18 வெற்றுக் குழுக்களைக் கொனாமியே உள்ளே விட்டிருக்கிறது. எட்டை எடுத்துக்கொண்டாலும் பத்து மிச்சம். உண்மையான எந்தக் குழுவையும் அழிக்க வேண்டியதில்லை.

முதலில் நிறுவல். பாதிப் பேர் இங்கேயே வழுக்குகிறார்கள். புரோகிராம் ஃபைல்ஸுக்குள் நிறுவாதீர்கள். பழைய நிரல் அங்கே எழுதப் போனால் விண்டோஸ் அதைத் தடுத்து, வெர்ச்சுவல்ஸ்டோர் என்ற மறைவான கோப்புறையில் ஒரு நகலை எழுதிவைக்கும். நீங்கள் ஒரு கோப்பை மாற்றிக்கொண்டே இருப்பீர்கள், ஆட்டம் வேறொன்றைப் படித்துக்கொண்டே இருக்கும். டி வட்டில் பெஸ்6 என்று ஒரு கோப்புறை போதும். நிறுவியதும் எதையும் தொடாமல் ஒரு ஆட்டம் ஆடி, விளையாட்டை மூடி, அந்தக் கோப்புறை முழுவதையும் நகலெடுத்து வையுங்கள். பின்னால் எது கெட்டாலும் திரும்பிவர அது ஒன்றுதான் வழி.

கோப்புப் பெயர்களை ஒலிப்படி தமிழில் தட்டுகிறேன். வட்டில் ஆங்கிலத்தில் தேடிக்கொள்ளுங்கள்.

தெம்பனிஸ்_தம்பி

அண்ணே, ஆட்டம் ஓடுது. ஆனா சேவ் ஆக மாட்டேங்குது. டாக்குமெண்ட்ஸ்ல கொனாமி கோப்புறையே காணோம். விண்டோஸ்ல என் கணக்குப் பெயர் தமிழ்ல இருக்கு, அதனாலயா?

கிழக்குக்கரை10

அதனால்தான். பெஸ் 6 யுனிகோடுக்கு முந்தைய முறையில் கோப்புப் பாதையைக் கேட்கும் நிரல். அந்த முறையில் தமிழுக்கென்று குறியீட்டுப் பக்கமே கிடையாது, ஆகவே உங்கள் பெயர் வரிசையாகக் கேள்விக்குறிகளாக மாறும். அப்படி ஒரு கோப்புறை வட்டில் இருக்காது. ஆங்கில எழுத்தில் புதிய பயனர் கணக்கு ஒன்றைத் திறந்து அதில் ஆடுங்கள். இருக்கும் கணக்கின் பெயரைக் கட்டுப்பாட்டுப் பலகத்தில் மாற்றினால் போதாது, உள்ளே இருக்கும் கோப்புறைப் பெயர் பழையதாகவே நிற்கும்.

இன்னொன்றையும் பாருங்கள். ஒன்டிரைவ் இயங்கினால் டாக்குமெண்ட்ஸ் அதற்குள் குடிபோயிருக்கும். சேவ் கோப்பு ஒன்டிரைவ், டாக்குமெண்ட்ஸ், கொனாமி, புரோ எவொலூஷன் சாக்கர் 6, சேவ், ஃபோல்டர்1 என்ற வரிசையில் இருக்கும். பழைய டாக்குமெண்ட்ஸில் ஆப்ஷன் ஃபைலை (குழு, ஆட்டக்காரர் விவரங்கள் உள்ள சேவ் கோப்பு) போட்டுவிட்டு மாறவில்லை என்று கேட்பவர்கள் நிறைய.

தெம்பனிஸ்_தம்பி

புதுக் கணக்கு திறந்தேன், சேவ் ஆகுது. நன்றிண்ணே. அடுத்தது கிட்சர்வர்தானே?

பெடோக்_பேக்லைன்

கிட்சர்வரை நான் எடுத்துக்கிறேன். சட்டை (கிட்), முகம், அரங்கம் மாதிரி நம்ம கோப்புகளை ஆட்டத்துக்குள்ள ஏத்துற துணை நிரல் அது.

விளையாட்டுக் கோப்புறைக்குள்ளேயே கிட்சர்வர் கோப்புறை உட்காரணும். அதுல இருக்கிற செட்டப்பைத் திறந்து, பெஸ்6 இயக்கக் கோப்பைத் தேர்ந்தெடுத்து இன்ஸ்டால் அழுத்துங்க. அது இயக்கக் கோப்பில் சின்ன மாற்றம் செஞ்சு, ஆட்டம் தொடங்கும்போது கேலோட் நூலகத்தையும் சேர்த்து ஏத்தும். வைரஸ் தடுப்பு நிரல் இதைப் பார்த்தா சந்தேகப்படத்தான் செய்யும். இன்னொரு நிரலுக்குள்ள நுழையுற வேலைதானே இது. கேலோட் இல்லைன்னு பிழைச்செய்தி வந்தா முதல்ல தடுப்பு நிரலோட தனிமைப் பெட்டியைப் பாருங்க. விளையாட்டுக் கோப்புறைக்கு மட்டும் விதிவிலக்கு கொடுங்க. தடுப்பு நிரலையே நிறுத்தி வைக்காதீங்க.

எந்தெந்தப் பகுதி ஏறணும்னு கேலோட் சிஎஃப்ஜி கோப்பு சொல்லும்: கிட்டுக்கு ஒண்ணு, பந்துக்கு ஒண்ணு, முகத்துக்கு, அரங்கத்துக்கு, எல்ஓடி மிக்ஸருக்குன்னு (திரை அளவையும் தூரக் காட்சியோட விவரத்தையும் பார்த்துக்கிற பகுதி) தனித்தனி வரி. தொடக்கத்துல கிட்டும் எல்ஓடியும் போதும். மத்த வரிகளுக்கு முன்னால குறிப்புக்குறி (#) போட்டு, எண்ணிக்கை வரியையும் சரிபார்த்துக்குங்க. டீபக் மதிப்பை 1 ஆக்கினா பதிவுக் கோப்பு எழுதும்; எதைத் தேடிக் கிடைக்கலைன்னு அதுல தெரியும். வேலை முடிஞ்சதும் 0 ஆக்கிடுங்க, இல்லேன்னா அந்தக் கோப்பு வளர்ந்துக்கிட்டே போகும்.

திரை அளவு எல்ஓடி மிக்ஸரோட தனி அமைப்புக் கருவியில இருக்கு. 1920க்கு 1080ன்னு கொடுத்து, விகிதத்தைத் தானியங்கியா வைங்க. மைதானமும் ஆட்டக்காரர்களும் சரியான உடல்வாகோட தெரிவாங்க. மெனுவும் கோல் பலகையும் மட்டும் கொஞ்சம் அகலமா இழுபடும். அது தட்டையான படம், விகிதத் திருத்தம் அதைத் தொடாது.

சிசிகே_கீப்பர்

விண்டோஸ் 11-ல் அரங்கம் ஏறும்போது விட்டுவிட்டுத் தடுமாறுகிறது. கிட்சர்வர் இல்லாமலும் அப்படித்தான்.

பெடோக்_பேக்லைன்

இந்த ஆட்டம் டைரக்ட்3டி 8-ல எழுதினது. புது விண்டோஸ் அதைப் பேருக்குத்தான் தாங்குது. டிஜிவூடூ2 எடுங்க, பழைய டைரக்ட்3டியைப் புது விண்டோஸுக்குப் புரியுற மாதிரி மாத்திக் கொடுக்கிற நிரல். அதுக்குள்ள எம்எஸ், எக்ஸ்86 கோப்புறையில டி3டி8 நூலகம் இருக்கு, அதை மட்டும் பெஸ்6 இயக்கக் கோப்புக்குப் பக்கத்துல வைங்க. 64 பிட் கோப்புறையில இருக்கிறது வேலைக்கு ஆகாது, ஆட்டம் 32 பிட். டிஜிவூடூ அமைப்புப் பலகத்தையும் அங்கேயே வைச்சு ஒரு தடவை திறந்து, டைரக்ட்எக்ஸ் தாவல்ல வாட்டர்மார்க் டிக்கை எடுத்துடுங்க. இல்லேன்னா ஓரத்துல அவங்க முத்திரை நிற்கும்.

தெம்பனிஸ்_தம்பி

கிட் போட்டேன், வரவே இல்லை. பழைய வெள்ளைச் சட்டைதான் வருது. யூனி கோப்புறை, மேப் கோப்பு எல்லாம் சரியாத்தான் இருக்கு லா.

பெடோக்_பேக்லைன்

கீழ இருக்கிறதை வரிசையாப் பாருங்க.

நம்ம படங்களை வைக்கிற கிட்சர்வர் கோப்புறைதான் ஜிடிபி. அதுக்குள்ள யூனி, அதுக்குள்ள மேப். அதுல ஒவ்வொரு வரியும் குழு எண், காற்புள்ளி, மேற்கோளுக்குள்ள கோப்புறைப் பெயர். நேரான மேற்கோள்தான் செல்லும். கைப்பேசியில தட்டி ஒட்டினா வளைஞ்ச மேற்கோள் வரும், அதைப் படிக்காது. முதல் வரியை # குறி போட்ட வெறும் குறிப்பா விட்டுடுங்க. நோட்பேட் சில சமயம் கோப்போட தலையில கண்ணுக்குத் தெரியாத அடையாளம் ஒண்ணைச் சேர்க்கும். குறிப்பு வரி கெட்டா நஷ்டமில்லை, குழு வரி கெட்டா அந்தக் குழு போச்சு. கோப்புறைப் பெயரும் ஆங்கிலத்துலதான் இருக்கணும், காரணம் மேலே அண்ணன் சொன்னதுதான்.

குழு எண்ணை ஊகிக்காதீங்க. ஏற்கெனவே வந்திருக்கிற எந்த ஜிடிபி தொகுப்பையும் திறந்து, டீம் ஏ எந்த எண்ல தொடங்குதுன்னு அதோட மேப்ல பார்த்துக்குங்க.

குழுக் கோப்புறைக்குள்ள நாலு உட்கோப்புறை: பிஏ முதல் சட்டை, பிபி மாற்றுச் சட்டை, ஜிஏவும் ஜிபியும் கோல்காப்பாளருக்கு. ஒவ்வொண்ணுலயும் படமும் கான்ஃபிக் கோப்பும். கழுத்துப்பட்டை, பெயரோட வளைவு, கால்சட்டையில எண் எந்தப் பக்கம், ரேடார்ல என்ன நிறம்னு எல்லாம் கான்ஃபிக்லதான். ரேடார் நிறத்தை மறக்காதீங்க. ரெண்டு குழுவும் ஒரே நிறப் புள்ளியா ஓடினா ஆடவே முடியாது.

கடைசியா, பெரும்பாலும் இதுதான் காரணம்: படம் 8 பிட் அட்டவணை நிற பிஎன்ஜியா இருக்கணும், அதாவது 256 நிறம். 24 பிட்ல சேமிச்சா கிட்சர்வர் சத்தம் போடாம ஒதுக்கிடும், பழைய சட்டை வரும். கிம்ப்ல இமேஜ், மோட், இண்டெக்ஸ்ட், 256. டிதரிங் (நிறப் புள்ளிகளைக் கலந்து தூவுறது) வேண்டாம்னு கொடுங்க. 1996 சட்டைகள்ல நிறமெல்லாம் தட்டை, டிதரிங் வைச்சா ஓரத்துல மணல் தூவின மாதிரி வரும்.

தெம்பனிஸ்_தம்பி

24 பிட்தான். மாத்தினேன், வந்துடுச்சு.

சிசிகே_கீப்பர்

அளவு என்ன வைக்க வேண்டும்? வெளியே கிடைக்கும் தொகுப்புகள் எல்லாம் 2048க்கு 1024. ஆட்டம் பாதியில் மூடிக்கொள்வதற்கு அதுதான் காரணம் என்று வேறொரு இழையில் எழுதியிருந்தார்கள்.

பெடோக்_பேக்லைன்

2048-தான் வைக்கணும். ரீப்ளேயில பக்கத்துல போய்ப் பாருங்க, 512ல விளம்பர எழுத்தெல்லாம் கஞ்சி.

கிழக்குக்கரை10

கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2048 பெருக்கல் 1024, ஒரு புள்ளிக்கு நான்கு பைட்: நினைவகத்தில் 8 எம்பி. தூரக் காட்சிக்கான சிறு நகல்களும் சேர்ந்தால் மூன்றில் ஒரு பங்கு கூடும், 11 எம்பி என்று வையுங்கள். ஓர் ஆட்டத்தில் எத்தனை கிட்? இரு குழுவின் ஆட்டக்காரர்களுக்கு ஒவ்வொன்று, இரு கோல்காப்பாளர்களுக்கு ஒவ்வொன்று, ஆக நான்கு. 44 எம்பி. 32 பிட் நிரலுக்கு விண்டோஸ் கொடுக்கும் 2 ஜிபி இடத்தில் இதனால் ஆட்டம் சாகாது.

சாகடிப்பது அரங்கமும் முகங்களும். பெரிய அரங்கத் தொகுப்புகளில் கூட்டம், கூரை, விளம்பரப் பலகை என்று ஒவ்வொன்றுக்கும் தனிப் பெரிய படம் இருக்கும். மாற்று ஆட்டக்காரர்களையும் சேர்த்து முப்பது சொச்சம் முகம், முடி. இவை எல்லாம் ஒரே நேரத்தில் ஏறும். இதற்கு 4 ஜிபி பேட்ச் உண்டு. இயக்கக் கோப்பின் தலைப்பில் ஒரே ஒரு குறியை மாற்றும், 64 பிட் விண்டோஸில் இடம் 2-லிருந்து 4 ஜிபி ஆகும். கிட்சர்வரை முதலில் கழற்றி, இதைப் போட்டு, பிறகு கிட்சர்வரை மீண்டும் மாட்டுங்கள். இரண்டும் ஒரே கோப்பைத் தொடுகின்றன, கடைசியாகத் தொட்டது எது என்று தெரிந்திருப்பது நல்லது.

இருந்தாலும் 2048 தேவையில்லை என்பதே என் முடிவு. அகலக் கோணத்தில் 1080 திரையில் ஓர் ஆட்டக்காரரின் மொத்த உயரமே சுமார் நூறு பிக்சல். அந்தத் தூரத்தில் பெரிய படத்தின் மெல்லிய கோடுகள் மினுமினுக்கும், குறிப்பாகப் பட்டைபோட்ட சட்டைகளில். 1024க்கு 512 வையுங்கள். மூலத்தில் இருந்தது 512க்கு 256. இரட்டிப்பே கண்ணுக்கு நன்றாகத் தெரியும்.

பெடோக்_பேக்லைன்

ரீப்ளே பார்க்கிறவங்களும் இருக்காங்க அண்ணே. ரெண்டு அளவும் தனித்தனியாப் போடுவோம், வேண்டியதை எடுத்துக்கட்டும்.

கிழக்குக்கரை10

சரி.

தேக்கா_டிகோ

சட்டையைப் பற்றி இவ்வளவு பேசியாச்சு. சட்டைக்குள் இருப்பவனைப் பற்றிப் பேசுவோமா?

இந்த ஆட்டம் இன்னும் உயிரோடு இருப்பது ஆட்டக்காரர் எண்களால். படம் எவ்வளவு கூர்மையாக இருந்தாலும் எட்டுக் குழுவும் ஒரே மாதிரி ஓடினால் அது எஸ்-லீக் ஆகாது. வெளியே வரும் பேட்ச்களில் முக்கால்வாசி இங்கேதான் கோட்டை விடுகிறது: தனக்குப் பிடித்தவனுக்கெல்லாம் 90.

கருவி பெஸ் ஃபேன் எடிட்டர். ஜாவாவில் ஓடும், ஆகவே கணினியில் ஜாவா வேண்டும். திறக்க வேண்டியது சேவ் கோப்புறையில் உள்ள ஆப்ஷன் ஃபைல். கொனாமி, வின்32, பெஸ்6, ஆப்ட் என்று முடியும் பெயர், பின்னொட்டு கிடையாது. உலாவி அதற்கு டிஎக்ஸ்டி ஒட்டிவிட்டால் நீக்குங்கள். விளையாட்டை மூடிவிட்டுத்தான் இதைத் தொட வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் ஆட்டம் தன் நினைவில் இருப்பதை மேலே எழுதிவிடும், உங்கள் உழைப்பு காற்றோடு போகும். ஹெக்ஸ் எடிட்டரில் நேரடியாகத் திருத்தலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கோப்பு மறைகுறியாக்கப்பட்டது, சரிபார்ப்புத் தொகையும் உண்டு. எடிட்டர் இரண்டையும் சேமிக்கும்போது தானே கணக்கிடும்.

குழு ஒன்றுக்கு 32 பேர், தேசியக் குழுவென்றால் 23. புதிதாக உருவாக்கும் ஆட்டக்காரர்களுக்கு 184 இடம், அவர்கள் எண் 32768-ல் தொடங்கும். எட்டுக் குழுவுக்கு ஆளுக்கு 20 பேர் என்றால் 160. அடங்கிவிடும். முகத்துக்கான மேப் கோப்பு இந்த எண்ணை வைத்துத்தான் ஆளைத் தேடும், ஆகவே எண்ணை இப்போதே முடிவு செய்து ஒரு தாளில் எழுதுங்கள். பின்னால் இருவரை இடம் மாற்றினால் ஒருவன் முகம் இன்னொருவன் உடம்பில் வரும்.

பெயருக்கு 15 எழுத்து எல்லை. நம் ஆட்களுக்கு இது இறுக்கம். சிங்கப்பூர் ஆட்டக்காரர் வி. சுந்தரமூர்த்தியைத் தேசியக் குழுவில் வைப்பதானால், அவர் பெயர் ஆங்கிலத்தில் 13 எழுத்து, முன்னெழுத்தும் புள்ளியும் சேர்த்துச் சரியாக 15. புள்ளிக்குப் பின் இடைவெளி விட்டால் கடைசி எழுத்து விழும்.

சின்னம் 64க்கு 64 பிக்சல். 16 நிறத்தில் செய்தால் 100 சின்னம் கொள்ளும், 128 நிறத்தில் 50. எட்டுக் குழுவுக்கு 128 நிறமே தாராளம். சட்டையில் ஒட்டும் லோகோ வேறு: 32க்கு 32, 16 நிறம், 80 இடம். கிட்சர்வர் படத்திலேயே எல்லாம் இருப்பதால் அது நமக்குத் தேவைப்படாது.

தெம்பனிஸ்_தம்பி

எண்களுக்கு என்ன அளவுகோல் அண்ணே? எல்லாருக்கும் 70 போட்டா போதாதா?

தேக்கா_டிகோ

போதாது. கூரையும் தரையும் முதலில் வேண்டும்.

கூரை ஆட்டத்திலேயே இருக்கிறது. பிரேசிலின் அட்ரியானோவின் உதைவேகம் 99. அவரை மேல்கோட்டில் வைத்தால் எஸ்-லீக்கின் வலுவான கால் 85-ஐத் தாண்ட நியாயமில்லை. அடுத்து, இந்த லீக்கில் ஆடி உலகக் கிண்ணத்துக்கும் போன ஆளைப் பிடியுங்கள். கேலாங் யுனைடெட்டில் ஆடிய ஈரானியர் ஹமித் ரெசா எஸ்டிலி, 1998 உலகக் கிண்ணத்தில் அமெரிக்காவுக்கு எதிராகத் தலையால் முட்டிக் கோல் போட்டவர். ஆட்டத்தில் இருக்கும் ஈரான் குழுவின் நடுத்திடல் ஆட்டக்காரர்களின் எண்களைப் பாருங்கள், அவருக்கும் அதே அளவு. அவர்தான் நம் லீக்கின் உச்சவரம்பு. உள்ளூர் நல்ல ஆட்டக்காரர் அவரைவிட ஐந்தாறு கீழே, வழக்கமாக ஆடுபவர் பத்துப் பன்னிரண்டு கீழே.

இனி வயது. சிங்கப்பூர் முன்வரிசை ஆட்டக்காரர் ஃபாண்டி அகமது 1962-ல் பிறந்தவர், 1996-ல் 34. நெதர்லாந்தின் கிரோனிங்கன் குழுவுக்கு ஆடிய இளைஞரை நினைத்து எண் போடக்கூடாது. என் பரிந்துரை: உச்சவேகம் 73, முடுக்கம் 74, உடல்திறன் 72, ஆனால் உதைநுட்பம் 84, உதைத்துல்லியம் 83, தலைமுட்டு 82, நுட்பம் 84, குழுவுணர்வு 83. ஆடிப் பார்த்தால் தெரியும். துரத்தி ஓட மாட்டார், பெட்டிக்குள் பந்து கிடைத்தால் விட மாட்டார். இந்த வேறுபாட்டைக் காட்டத்தான் இத்தனை எண்கள்.

எல்லோரும் மறப்பது நிலைத்தன்மை, உடல்நிலை இரண்டையும். 1 முதல் 8 வரை. எல்லோருக்கும் 4 விட்டுவிட்டால் லீக்கில் திருப்பமே இராது. அனுபவசாலிக்கு நிலைத்தன்மை 6, இளைஞனுக்கு 3. இளைஞனுக்கு ஒருநாள் சிவப்பு அம்பு (நல்ல நிலை), மறுநாள் நீலம் (சோர்வு). 90களின் எஸ்-லீக்கைப் பார்த்தவர்களுக்கு இது புரியும்.

கோல்காப்பாளர் திறனை 70-க்குக் கீழே இறக்காதீர்கள். லீக் சின்னது என்று 60 போட்டால் 30 மீட்டரிலிருந்து உதைப்பதெல்லாம் கோல், ஆட்டம் 7-6 என்று முடியும். பலவீனத்தைக் காட்ட வேண்டுமென்றால் எதிர்வினை வேகத்தைக் குறையுங்கள். பந்தைப் பிடிப்பார், ஆனால் தாமதமாக விழுவார்.

சிசிகே_கீப்பர்

எடிட்டரில் உலகளாவிய திருத்தம் என்று ஒரு தாவல் இருக்கிறதே, அதில் எல்லோருக்கும் ஒரே தடவையில் குறைத்துவிடலாமா?

தேக்கா_டிகோ

குறைக்கலாம், ஆனால் அது கோப்பில் உள்ள எல்லோரையும் தொடும், ரொனால்டினோவையும் சேர்த்து. முதலில் எட்டுக் குழுவையும் கையால் முடியுங்கள். பிறகு வேகம் ஒட்டுமொத்தமாகக் கூடுதலாகத் தெரிந்தால் எண்ணைத் தொடாமல் அமைப்பில் ஆட்டவேகத்தை ஒரு படி இறக்கிப் பாருங்கள். பெரும்பாலும் அதுவே போதும்.

ஈசூன்_விங்

இடையில் ஒரு சின்னக் கேள்வி. எக்ஸ்பாக்ஸ் கட்டையில் (கண்ட்ரோலர்) எல்டியும் ஆர்டியும் சேர்த்து அழுத்தினால் ஒன்றும் நடக்கவில்லை.

பெடோக்_பேக்லைன்

ஆட்டம் டைரக்ட்இன்புட் வழியா கேட்குது. அந்த வழியில எக்ஸ்பாக்ஸ் கட்டையோட ரெண்டு டிரிக்கரும் ஒரே அச்சுல, எதிரெதிர்த் திசையில வரும். ரெண்டையும் சேர்த்து அழுத்தினா ஒண்ணை ஒண்ணு தின்னுடும். ஸ்டீம் வழியா ஆட்டத்தைத் திறந்து டிரிக்கரைச் சாதாரணப் பொத்தானா மாத்துங்க, இல்லேன்னா பிளேஸ்டேஷன் வகைக் கட்டை எடுங்க.

நடத்துனர்

வட்டு இல்லாமல் ஓட்டும் இயக்கக் கோப்பைக் கேட்டு வந்த இரண்டு பதிவுகள் நீக்கப்பட்டன. இங்கே கேட்காதீர்கள்.

ஈசூன்_விங்

அரங்கம் யார் செய்கிறார்கள்? பழைய தேசிய விளையாட்டரங்கம் இல்லாமல் இந்த பேட்ச் எதற்கு?

கிழக்குக்கரை10

காலாங்கில் 1973-ல் திறந்து, 2007-ல் மூடி, 2010-ல் இடித்தது. 55,000 இருக்கை, சுற்றிலும் ஓடுதளம். ஓடுதளம் இருப்பதால் வேலை எளிது: ரோம் ஒலிம்பிக் அரங்கம் போல் ஓடுதளமுள்ள ரசிகர்கள் செய்த ஏதாவது ஒரு அரங்கத்தை எடுத்து அதன் மேல் கட்டலாம். கூரையை எடுத்துவிட்டுப் பிரதான மாடத்தின் மேல் மட்டும் வைக்க வேண்டும்.

ஆனால் லீக் ஆட்டங்களின் உண்மையான முகம் அது இல்லை. தோ பாயோ, குவீன்ஸ்டவுன், பிடோக் போன்ற வட்டார அரங்கங்கள்தான்: ஒரு பக்கம் கூரைபோட்ட மாடம், எதிர்ப் பக்கம் படிக்கட்டோ புல்மேடோ, சுற்றி ஓடுதளம், பின்னால் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி புளோக். இதை ஒரே மாதிரியில் செய்து, பின்னணி வானப் படத்தையும் விளம்பரப் பலகைகளையும் மட்டும் மாற்றினால் நான்கைந்து அரங்கம் கிடைத்துவிடும். நினைவகமும் மிச்சம், கூட்டமே குறைவுதானே.

ஜிடிபிக்குள் அரங்கக் கோப்புறையில் பகல், இரவு, வெயில், மழை, பனி என்று தனித்தனி உட்கோப்புறைகள். ஒன்று விடுபட்டாலும் அந்த வானிலை வரும்போது பழைய அரங்கம் எட்டிப் பார்க்கும். சிங்கப்பூரில் பனி ஏது என்று அந்தக் கோப்புறையை விட்டுவிடாதீர்கள். வெயில் கோப்புகளை அதற்குள் நகலெடுத்து வையுங்கள், வந்தாலும் தெரியாது. நேரத்தை இரவு விளக்கொளிக்கு வையுங்கள், நம் லீக் ஆட்டம் மாலை நேரத்து ஆட்டம்.

புல் விஷயம். ஐரோப்பியப் படங்களில் புல் மெல்லிய இழையாக, அடர்பச்சைப் பட்டைகளோடு இருக்கும். இங்கே வட்டார மைதானங்களில் மாட்டுப்புல், அகல இலை, வெளிறிய பச்சை, கோல் வாய்க்கு முன்னால் மண். பட்டை வேண்டவே வேண்டாம். கோல் பகுதியில் மட்டும் செம்மண் நிறம் லேசாகக் கலந்தால் ஊர் தெரியும்.

சிசிகே_கீப்பர்

புல் படம் 0_டெக்ஸ்ட் ஏஎஃப்எஸ்ஸுக்குள் இருப்பதா? ஏஎஃப்எஸ் எக்ஸ்ப்ளோரரில் உள்ளே செலுத்தினேன், அரங்கம் ஏறும்போதே ஆட்டம் மூடிக்கொள்கிறது.

கிழக்குக்கரை10

ஏஎஃப்எஸ் என்பது ஒரு மூட்டை. முன்னால் ஒரு அட்டவணை: எந்தக் கோப்பு எங்கே தொடங்குகிறது, எவ்வளவு நீளம். ஒவ்வொன்றும் 2048 பைட் எல்லையில் தொடங்கும். உங்கள் புதிய கோப்பு பழையதற்கு ஒதுக்கிய இடத்தைவிடப் பெரிது என்றால் அடுத்த கோப்பின் தலையில் ஏறி உட்காரும். முழு மூட்டையையும் மறுபடி கட்ட வேண்டும், கட்டும்போது மின்சாரம் போனால் எல்லாம் போச்சு.

இன்னொரு காரணமும் இருக்கலாம். மூட்டைக்குள் 'பின்' என்ற பின்னொட்டோடு இருக்கும் கோப்பின் முன்னால் 32 பைட் தலைப்பு, பிறகு இஸட்லிப் சுருக்கம். சுருக்கிய அளவு, விரித்த அளவு இரண்டும் அந்தத் தலைப்பில் எழுதியிருக்கும். படத்தைப் பெரிதாக்கிவிட்டு விரித்த அளவைப் பழையபடி விட்டால், ஆட்டம் சிறிய இடம் ஒதுக்கிப் பெரிய தரவைக் கொட்டும். உடனே மூடிக்கொள்ளும்.

மூட்டையைத் தொடாமலிருப்பதே நல்லது. கிட்சர்வரில் ஏஎஃப்எஸ்2எஃப்எஸ் பகுதியை இயக்கி, அதன் அமைப்பில் காட்டும் கோப்புறைக்குள் 0_டெக்ஸ்ட் ஏஎஃப்எஸ் என்ற பெயரிலேயே ஒரு கோப்புறை செய்யுங்கள். அதில் கோப்பைப் போடுங்கள், பெயரின் முடிவில் அடிக்கோடும் மூட்டைக்குள் அதற்கிருந்த வரிசை எண்ணும் இருக்க வேண்டும். ஆட்டம் அந்த எண்ணைக் கேட்கும்போது கிட்சர்வர் மூட்டைக்குப் பதில் இதைக் கொடுக்கும். பிடிக்கவில்லையா, கோப்பை அழியுங்கள், பழையது வந்துவிடும். பெஸ் கோப்புகளைத் திருத்தும் டிகேஇஸட் ஸ்டூடியோ நிரலில் படத்தை மாற்றிச் சேமித்தால் தலைப்பையும் அதுவே திருத்தும்.

சிசிகே_கீப்பர்

விரித்த அளவுதான் பிரச்சினை. இப்போது ஏறுகிறது. புல் கொஞ்சம் அதிகமாகவே வெளிறிவிட்டது, அதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

ஒலிப்பெட்டி

ஒலிக்கு நான் வருகிறேன். காலாங் முழக்கம், அதாவது அந்தத் தேசிய அரங்கத்து ரசிகர் கூட்டத்தின் முழக்கம், இல்லாமல் காலாங் எதற்கு?

0_சவுண்ட் மூட்டைக்குள் இருப்பவை ஏடிஎக்ஸ் வகை ஒலிகள். மாற்றப்போகும் கோப்பை முதலில் வெளியே எடுத்து மூன்று விஷயம் குறித்துக்கொள்ளுங்கள்: மாதிரி வீதம், ஒற்றைத் தடமா இரட்டைத் தடமா, சுழற்சிப் புள்ளி இருக்கிறதா. புதிய ஒலியில் மூன்றும் அதேபோல் இருக்க வேண்டும். வீதம் மாறினால் ஐம்பதாயிரம் பேரும் எலிக்குரலில் கத்துவார்கள். சுழற்சிப் புள்ளி இல்லாவிட்டால் முழக்கம் ஒருமுறை வந்து நின்றுவிடும், பிறகு அமைதி. அந்தப் புள்ளி ஏடிஎக்ஸ் தலைப்பில்தான் எழுதப்படும், ஆகவே மாற்றும் கருவியில் அந்த விருப்பத்தைத் தேடி இயக்குங்கள். தொடக்கத்தையும் முடிவையும் கைத்தட்டல் இடைவெளியில் வெட்டுங்கள், பாட்டின் நடுவில் வெட்டினால் ஒட்டு காதில் விழும்.

வர்ணனையாளர் நம் ஆட்டக்காரர் பெயரைச் சொல்ல மாட்டார், அந்த ஒலி பதிவாகவில்லை. எடிட்டரில் அழைப்புப்பெயர் இல்லை என்று வையுங்கள். ஒலிப்பு பக்கத்தில் இருக்கிறதே என்று ஐரோப்பியர் ஒருவரின் பெயரை ஒட்டினால் கேட்கச் சகிக்காது.

தெம்பனிஸ்_தம்பி

தமிழ் வர்ணனை போட முடியுமா? மெனுவும் தமிழ்ல வந்தா?

ஒலிப்பெட்டி

வர்ணனை, ஒலி மட்டும் என்பதால் முடியும். ஆனால் ஒவ்வொரு வாக்கியமும் துண்டுதுண்டாக, ஆயிரக்கணக்கில் இருக்கிறது. பெயர், இடைச்சொல், வினை என்று ஆங்கில வரிசையில் கோக்கிறார்கள். தமிழில் வினை கடைசியில் வரும், துண்டுகள் பொருந்தாது. "கோல்!", "வெளியே!" போன்ற தனிக் கூவல்களை மட்டும் மாற்றினால் நன்றாக வரும்.

மெனுவில் வழியில்லை. ஆட்டத்தின் எழுத்துருவில் தமிழ் எழுத்தே கிடையாது, கொம்பையும் காலையும் சேர்த்து வடிவமாக்கும் வசதியும் இல்லை. படமாக இருக்கும் இடங்களில் மட்டும் முடியும்: கோல் பலகை, விளம்பரப் பலகை, ரசிகர் பதாகை.

ஈசூன்_விங்

பதாகையை நான் வரைகிறேன். 1024க்கு 256 போதுமா?

பெடோக்_பேக்லைன்

போதும். பக்க அளவுகள் 256, 512, 1024 மாதிரி இரண்டின் அடுக்காவே இருக்கட்டும். எழுத்தைத் தடிமனா வைங்க, மெல்லிசா எழுதினா புள்ளியெல்லாம் தூரத்துல காணாமப் போயிடும்.

கிழக்குக்கரை10

வெளியிடும்போது மூட்டைக்குள் போக வேண்டியவை: ஜிடிபி கோப்புறை, ஏஎஃப்எஸ்2எஃப்எஸ் கோப்புறை, ஆப்ஷன் ஃபைல், ஆட்டக்காரர் எண் பட்டியல். கொனாமியின் ஏஎஃப்எஸ்ஸோ இயக்கக் கோப்போ ஒன்றுகூடப் போகக்கூடாது. 1024, 2048 சட்டைகள் தனித்தனி மூட்டை. ஆப்ஷன் ஃபைலை மாற்றும் முன் பழையதை வேறு இடத்தில் வைக்கச் சொல்லி முதல் வரியிலேயே எழுதுங்கள்.

தெம்பனிஸ்_தம்பி

மாஸ்டர் லீக் (ஒரு குழுவைப் பல பருவம் நடத்துற முறை) பாதியில இருக்கு அண்ணே. இந்த ஆப்ஷன் ஃபைலைப் போட்டா என்ன ஆகும்?

தேக்கா_டிகோ

அந்த லீக்கை முடித்துவிட்டுப் போடு தம்பி. ஆட்டக்காரர் எண்கள் மாறியிருக்கும், உன் குழுவில் யார் யாராக வருவார்கள் என்று சொல்ல முடியாது.